இதழினியின் நெச அப்பா

குடித்துக் கெட்டவன் திருந்திவிட்டேன் என்று வீட்டுக்கு வந்தால் அக்கம்பக்கம் லேசில் நம்பிவிடாது. எத்தனை நாளைக்கு, பார்க்கலாம் என்று கதவிடுக்கில் நின்று வேடிக்கை பார்க்கும். நொய்யல் ஆற்றோரத்து அந்த அடுக்குமாடிக் குடியிருப்பும் அதற்குத் தயாராகத்தான் இருந்தது. ஆனால் நந்தகோபால் அவர்களுக்கு வேலையே வைக்கவில்லை. குடிகாரர்களைத் திருத்தி அனுப்புகிற மறுவார்ப்பு இல்லத்து வண்டியிலிருந்து இறங்கியதும் முதல் காரியமாகக் கீழ்வீட்டுப் பெரியவரின் தண்ணீர்க் கேனைத் தூக்கிக்கொண்டுபோய் அவர் சமையலறையில் இறக்கி வைத்தான். எட்டு வயது மகள் இதழினியைத் தோளில் ஏற்றிக்கொண்டு நாலு மாடியும் படியிலேயே ஏறினான். மூச்சு வாங்கவில்லை, முகத்தில் சிரிப்பு மாறவில்லை. அடேயப்பா, இவனா போன தீபாவளிக்கு லிஃப்டுக்குள் வேட்டி அவிழ விழுந்து கிடந்தவன் என்று ஆளாளுக்கு மூக்கில் விரலை வைத்தார்கள்.

வீட்டுக்குள் வந்ததும் மனைவி மேகலாவைப் பார்த்துக் கை கூப்பினான்.

"நீங்க உக்காருங்க. நான் போய்த் தண்ணி மொண்டுட்டு வாரேன்" என்றான்.

பெண்டாட்டியை நீங்க, வாங்க என்கிற ஆம்பிளையைத் திருப்பூரில் விளக்குப் போட்டுத்தான் தேட வேண்டும். தம்பியைப் பார்க்கப் பல்லடத்திலிருந்து வந்திருந்த அவன் அக்கா கோமதிக்குக் கண் கலங்கிவிட்டது.

"பாத்தியா மேகலா? என்ற தம்பி உன்னை மகராசியாட்ட வெச்சுத் தாங்கறான். ஊர்க்கண்ணு பட்டுரும். உப்பு மொளகா எடுத்துச் சுத்திப் போடு."

"சேரிங் நங்கையா" என்று நாத்தனாருக்குப் பதில் சொன்னாள் மேகலா.

அவளுக்கும் நெஞ்சு நிறைந்துதான் போயிற்று, பொய் சொல்வானேன். கல்யாணமான நாளாய் அடியே என்பதையும் அதற்கும் கீழான வார்த்தைகளையும் கேட்டு மரத்துப்போன காது அது. நீங்க என்ற ஒரு சொல்லே அவளுக்கு விருந்து. அவன் அதை எதற்காகச் சொல்கிறான் என்று யோசித்துப் பார்க்க அவளுக்குத் தோன்றவில்லை.

கோமதி ஊருக்குப் போனாள். பொழுது சாய்ந்தது. மேகலா விளக்கேற்றித் திரும்பியபோது, நந்தகோபால் பிளாஸ்டிக் நாற்காலியை வாசற்கதவுக்கு நேராக இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தான். கையை முழங்கால்மேல் வைத்துக்கொண்டு கதவையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"ஏனுங்க, அங்க எதுக்கு உக்காந்திருக்கீங்க?"

"அவன் வர்ற நேரமாச்சே" என்றான்.

"யாருங்க?"

அவன் திரும்பி அவளைப் பார்த்துச் சிரித்தான். "உங்களுக்குத் தெரியாதுங்களா?"

மூலையில் வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்த இதழினி தலையைத் தூக்கவில்லை. ஆனால் எழுதுவதை நிறுத்திவிட்டாள்.

இந்த மறுவார்ப்புச் சமாச்சாரம் எப்படி நடந்தது என்று சொல்லிவிட வேண்டும். நந்தகோபால் பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டராக இருந்தவன். துணி வெட்டும் வேலையை மிஷின்களே செய்ய ஆரம்பித்தபோது, அதே கம்பெனியில் அவனைத் துண்டுத்துணி அள்ளிப் போடச் சொன்னார்கள். கத்தரி பிடித்த கை துடைப்பம் பிடித்தது. அங்கிருந்து சாராயக் கடைக்குப் போன கால் திரும்பவே இல்லை. தைக்கிறதற்கு மட்டும் இன்னும் மனுஷக் கை வேண்டியிருந்ததால் மேகலாவுக்கு ஓவர்லாக் மிஷினில் வேலை தப்பியது, அதற்கும் சேர்த்து வீட்டில் உதை விழுந்தது.

கடைசியில் அவளே அவனை மறுவார்ப்பு இல்லத்தில் கொண்டுபோய்ச் சேர்த்தாள். அங்கே டாக்டர் வைஜயந்தி அவளை உட்காரவைத்துப் பொறுமையாகச் சொன்னாள்.

"உடம்புல இருக்கற குடியை எடுக்கறது பெரிய விஷயமில்லம்மா. ஒவ்வொருத்தருக்கும் தன்னைப் பத்தி ஒரு படம் உள்ளுக்குள்ள இருக்கும். நான் இப்படிப்பட்டவன்னு. உங்க வீட்டுக்காரர் படத்துல அவர் கையில கிளாஸ் இருக்கு. அதை விட்டு வெச்சா, வெளிய போனதும் படம் ஜெயிச்சுடும். நாங்க அந்தப் படத்தையே மாத்திடறோம்."

"வேற என்ன படத்தைங்க வெப்பீங்க?"

"அவர் மேல பாசம் உள்ளவங்க மனசுல அவர் நல்லபடியா எப்படி இருக்காரோ, அந்தப் படத்தை. அதைத்தான் அச்சுன்னு சொல்றோம். வழக்கமா சம்சாரத்துகிட்டதான் எடுக்கறது."

மிஷினோடு இணைத்த ஒரு தொப்பியை மேகலாவின் தலையில் மாட்டி, அவனை நல்லவனாக நினைத்துக்கொள்ளச் சொன்னார்கள். அவளும் பிடிவாதமாக நினைத்தாள். கல்யாணத்தன்று வெட்கப்பட்டுக்கொண்டு நின்றானே, அதை நினைத்தாள். பழனிக்குப் போனபோது கைப்பிள்ளையை அவனே தூக்கிக்கொண்டு படியேறினானே, அதை நினைத்தாள். ஒவ்வொன்றும் பாதிவரை நன்றாக வந்தது. பாதிக்கு மேல் மாடிப்படியில் அவன் செருப்புச் சத்தம் கேட்டது, நினைவு அப்படியே நின்றுபோயிற்று. டாக்டர் தொப்பியைக் கழற்றிவிட்டு உதட்டைப் பிதுக்கினாள்.

"நிக்க மாட்டேங்குதும்மா. வருது, கலைஞ்சுடுது."

"அப்ப என்ற மனசுல அவரு நல்லவராவே இல்லீங்களா?" என்று கேட்டு மேகலா அழுதாள். இத்தனை வருஷம் பொறுத்துக்கொண்டிருந்ததற்கு ஒரு நல்ல படம்கூட மிச்சமில்லையே என்று அவமானமாக இருந்தது. அழுகை ஓய்ந்ததும் சொன்னாள்: "என்ற புள்ளை இருக்குதுங்க. அவளுக்கு அப்பான்னா உசுரு. அவகிட்ட எடுங்க."

"குழந்தைங்ககிட்ட எடுக்கறதில்ல."

"ஏனுங்?"

"பெரியவங்க நினைக்கறது பெரும்பாலும் நடந்ததா இருக்கும். குழந்தைங்க நினைக்கறதுல எது நடந்தது, எது அவங்களா வெச்சுக்கிட்டதுன்னு எங்க மிஷினுக்குப் பிரிக்கத் தெரியாது."

"அவளா வெச்சுக்கிட்டதாவே இருக்கட்டுமுங்க. நல்லவரா இருந்தாப் போதாதுங்ளா?"

வேண்டாம் என்று டாக்டர் அப்போதே எழுந்திருக்கலாம். ஆனால் இதுவரை யாரும் செய்து பார்க்காத ஒன்று கைக்கெட்டுகிற தூரத்தில் இருந்தால் படித்தவர்களுக்கும் கை அரிக்கத்தான் செய்யும். சரி, கூட்டிக்கொண்டு வாருங்கள் என்றாள்.

இதழினியின் தலைக்குத் தொப்பி பெரிதாக இருந்தது. உள்ளே ஒரு துண்டை மடித்து வைத்து மாட்டினார்கள். பெண் அம்மாவை நிமிர்ந்து பார்த்துக் கேட்டாள்.

"அம்மா, முழுக் கதையும் நினைக்கட்டுமா?"

"நல்லதை மட்டும் நினை சாமி. கெட்டதை வாயிலயும் எடுக்காதே, மனசுலயும் எடுக்காதே."

மேகலா வளர்ந்த வளர்ப்பு அப்படி. பானையில் அரிசி தீர்ந்துபோனால் இல்லை என்று சொல்லக் கூடாது, நிறைந்திருக்கிறது என்றுதான் சொல்ல வேண்டும். சாவு, நோய், சண்டை எதையும் வாயால் சொன்னால் அது வீடு தேடி வந்துவிடும். அதனால் முந்தைய நாள் வீட்டில் தட்டு பறந்திருந்தாலும், அவளுக்கு மண்டை வீங்கியிருந்தாலும், காலையில் அதைப் பற்றி ஒரு பேச்சு இருக்காது. அப்பா தூங்கறாரு, சத்தம் போடாதே என்பதோடு சரி. பார்த்ததையெல்லாம் அந்தக் குழந்தை எங்கேதான் கொண்டுபோய் வைக்கும்? கட்டிலுக்கும் பீரோவுக்கும் நடுவில் உட்கார்ந்துகொண்டு தினமும் சாயங்காலம் தனக்குத் தானே குசுகுசுவென்று பேசிக்கொண்டிருந்தது. பாடம் மனப்பாடம் பண்ணுகிறாள் என்று மேகலா நினைத்துக்கொண்டிருந்தாள்.

இதழினியின் படம் அசையாமல் நின்றது. டாக்டர் மிஷின் திரையை மேகலா பக்கம் திருப்பினாள்.

"இப்படி ஒரு தெளிவை நான் பார்த்ததே இல்லம்மா. தினமும் உருப்போட்டு வெச்ச மாதிரி இருக்கு. அவர் சட்டை மடிப்புகூடத் தெரியுது பாருங்க."

அந்தப் படத்தைத்தான் நந்தகோபாலின் தலைக்குள் வைத்து அனுப்பியிருந்தார்கள்.

அடுத்து வந்த நாட்களில் குடியிருப்பே அவனைக் கொண்டாடியது. மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டியை யாரும் சொல்லாமலே காலி பண்ணி, உள்ளே இறங்கித் தேய்த்துக் கழுவினான். இரண்டு தொட்டியில் ஒன்றில் மறுபடி தண்ணீர் ஏற்றவில்லை. ஏன் என்று கேட்டதற்கு, காயட்டும் என்றான். மூடிக்குக் கொண்டியும் பூட்டும் போட்டான். குழந்தைகள் ஏறி விழுந்துவிடக் கூடாதே என்ற அக்கறையைப் பாருங்கள் என்று சங்கத் தலைவர் எல்லார் முன்னிலும் பாராட்டினார்.

ஆனால் அவன் கம்பெனிக்குப் போகவில்லை. காலையில் மகளைப் பள்ளிக்கூடத்தில் விட்டான், சாயங்காலம் கூட்டிக்கொண்டு வந்தான், மற்ற நேரமெல்லாம் அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தான். படுப்பதே இல்லை. எப்போது கண் விழித்துப் பார்த்தாலும் சிரித்த முகமாக உட்கார்ந்திருந்தான். வீட்டுச் சாவியை வாங்கித் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான். கோபம் என்பது துளி இல்லை. மேகலா வேண்டுமென்றே குழம்பில் உப்பை அள்ளிப் போட்டுப் பார்த்தாள். அவன் ருசித்துச் சாப்பிட்டான். அன்றைக்குத்தான் அவளுக்கு முதல் முறையாகப் பயம் தட்டியது.

ஒரு நாள் காலை, தட்டில் இட்லியை வைத்துவிட்டு நிமிர்ந்தவளிடம் அவன் மெதுவாகக் கேட்டான்.

"தப்பா நினைச்சுக்காதீங்க. மேகலா எங்கீங்க?"

விளையாடுகிறான் என்று அவள் சிரித்தாள். "இங்கதானுங்க நிக்கறேன்."

அவன் சிரிக்கவில்லை என்று சொல்ல முடியாது, அவன் எப்போதும் சிரித்துக்கொண்டுதானே இருந்தான். கண்ணில் மட்டும் ஒரு இரக்கம் தெரிந்தது.

"நீங்க நல்லாத்தான் சமைக்கறீங்க. புள்ளையையும் நல்லாப் பாத்துக்கறீங்க. நான் இல்லைங்கல. ஆனா அவளை எங்க வெச்சிருக்கீங்கன்னு சொல்லிப் போட்டீங்கன்னா நல்லது."

இட்லிப் பாத்திரத்தைக் கீழே வைக்கக்கூட மேகலாவுக்குக் கை வரவில்லை. அவன் ஏன் நீங்க, வாங்க என்கிறான் என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. ஊர் மெச்சிய மரியாதை அது, அடுத்த வீட்டுப் பெண்ணுக்குக் கொடுக்கிற மரியாதை.

சாப்பாட்டு இடைவேளையில் கம்பெனி வாசலில் நின்று டாக்டருக்குப் போன் போட்டாள். டாக்டர் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள்.

"குழந்தைகிட்ட ஏதோ ஒரு கதை இருந்திருக்கும்மா. நாம படத்தை மட்டும் எடுத்தோம்னு நினைச்சோம். அதோட சேர்ந்து கதையும் வந்திருக்கு."

"கதைதானுங்க. சொன்னாப் புரியாதுங்ளா?"

"உங்களுக்கும் எனக்கும்தான் கதை. அவருக்கு அது நடந்தது. அவர் கூட வாதம் பண்ணாதீங்க, ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசாதீங்க. குழந்தைகிட்ட முழுசாக் கேட்டு எனக்குச் சொல்லுங்க. எனக்கு அது தெரிஞ்சாத்தான் எடுக்க முடியும்."

மேகலா அரைநாள் லீவு போட்டுவிட்டு, சனிக்கிழமையும் நடந்த பள்ளிக்கூடத்துக்கு ஓடினாள். மகளுக்கு மருந்து கொடுக்க வேண்டும் என்று பொய் சொல்லி, சைக்கிள் நிறுத்துமிடத்துக்கு அழைத்து வந்தாள். சிமெண்டுத் திண்டில் இருவரும் உட்கார்ந்தார்கள்.

"கண்ணு, அன்னிக்குத் தொப்பி போடறப்ப முழுக் கதைன்னு சொன்னியே. அம்மாவுக்குச் சொல்லு."

"கெட்டது வருமே."

"பரவால்ல. சொல்லு."

"திட்ட மாட்டியே? சத்தியமா?"

மேகலா மகளின் தலையில் கை வைத்தாள். இதழினி மணலில் ஷூவால் கோடு கிழித்துக்கொண்டே சொன்னாள்.

"சாயங்காலம் வர்றது அப்பா இல்லம்மா. வேசக்காரன். நெச அப்பாவை எங்கயோ புடிச்சு வெச்சுட்டு, அவரு சட்டையைப் போட்டுக்கிட்டு வருவான். குரல்கூட அப்பா மாதிரியே இருக்கும். ஆனா நாத்தம் அடிக்கும், அதுல கண்டுபுடிச்சுருவேன். நெச அப்பா ஒரு நாளைக்குத் தப்பிச்சு வருவாரு. அவருக்குக் கோவமே வராது. தூக்கமே வராது. வேசக்காரன் வந்தான்னா புடிச்சு மேல தொட்டிக்குள்ள எறக்கிருவாரு. அடிக்க மாட்டாரும்மா. மூடி மட்டும் போட்டுருவாரு. அப்புறம் அவன் வரவே மாட்டான்."

கேட்கக் கேட்க மேகலாவுக்குப் பெற்ற வயிறு எரிந்தது. கட்டில் சந்தில் உட்கார்ந்து இந்தக் குழந்தை தினமும் தனக்கென்று ஒரு தகப்பனைச் செய்து வைத்துக்கொண்டிருந்திருக்கிறது. ஒரே வீட்டில் இருந்துகொண்டு தனக்குத் தெரியாமல் போயிற்றே.

"அவ்வளவுதானா கண்ணு?"

இதழினியின் ஷூ மணலில் மேலும் கீழும் போயிற்று.

"சொல்லு சாமி."

"கதவைத் தொறந்து விடறவளையும் போட்டுருவாரு."

"யாரு தொறந்து விடறது?"

"நீதானம்மா." பெண்ணின் குரல் இறங்கிவிட்டது. "தினமும் நீதான தொறப்பே? நான் தொறக்காதே தொறக்காதேன்னு உன்ற சீலையைப் புடிச்சு இழுப்பேன். நீ, சத்தம் கேக்கும், மானம் போகும்னு சொல்லிட்டுப் போய்த் தொறந்து விட்டுருவே. நெச அம்மா தொறக்கவே மாட்டா. அதனால நீயும் வேசக்காரின்னு வெச்சுக்கிட்டேன். ராத்திரிக்கு மட்டுந்தாம்மா. காலையில நீ நெச அம்மா ஆயிருவே. கதையில."

அவன் கதவை உதைக்கிற ஒவ்வொரு முறையும் முந்தானையைப் பிடித்து இழுத்த அந்தச் சின்னக் கையை மேகலா தட்டிவிட்டுத்தான் போயிருக்கிறாள். எதிர்வீட்டில் விளக்கு எரிந்துவிடுமே என்றுதான் அவளுக்குக் கவலை. பின்னால் நிற்கிறவளைத் திரும்பிப் பார்த்ததில்லை. அடித்தவன்கூடப் பிள்ளை கணக்கில் இரண்டாவதுதான் போலிருக்கிறது, திறந்து விட்டவள்தான் முதல் குற்றவாளி. அழுதால் பிள்ளை பயந்துவிடும் என்று அழுகையை விழுங்கினாள்.

"அப்பாகிட்டச் சொல்லு கண்ணு. நான்தான் நெச அம்மான்னு நீயே சொல்லு."

"சொன்னேன். நம்ப மாட்டேங்கறாரு. யாராச்சும் வந்து மணி அடிக்கட்டும், நெச அம்மாவா இருந்தாத் தொறக்க மாட்டா, பாக்கலாம்னாரு."

அன்று மாலையே மேகலா டாக்டருக்குச் சொன்னாள். வேசக்காரனைச் சொன்னாள், தொட்டியைச் சொன்னாள், பூட்டைச் சொன்னாள். கதவைத் திறக்கிறவளைச் சொன்னாளா? இல்லை. பெற்ற மகள் தன்னை அப்படி நினைத்தாள் என்று ஒரு வெளியாளிடம் வாயால் சொல்ல அவளுக்கு நாக்கு எழவில்லை. அரிசி நிறைந்திருக்கிறது என்று சொல்லிப் பழகிய நாக்கு அது.

"நாளைக்குக் காலையிலயே வந்துடறேன்" என்றாள் டாக்டர். "ரெண்டு ஆளுங்களோட வர்றேன். ஆனா வீட்டு ஆள் உள்ள விட்டாத்தான் நாங்க நுழைய முடியும், சட்டம் அப்படி. நான் மணி அடிச்சதும் நீங்க கதவைத் தொறந்துடுங்க. அது ஒண்ணு போதும். மத்ததை நாங்க பாத்துக்கறோம்."

"சேரிங்க" என்றாள் மேகலா. சாவி அவன் சட்டைப் பையில் இருப்பதையும் சொல்லவில்லை.

மகளைத் தூக்கிக்கொண்டு அப்படியே எங்காவது போய்விடலாமா என்றும் நினைக்காமல் இல்லை. ஆனால் சாயங்காலம் பள்ளிக்கூட வாசலில் அப்பாவைப் பார்த்ததும் இதழினி ஓடிப்போய் அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டாளே, அந்த முகத்தை அவள் பார்த்தாள். பிள்ளை வராது. பிள்ளையை விட்டுவிட்டு அவள் எங்கே போவாள்?

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. வீடெல்லாம் கறிக்குழம்பு வாசனை. நந்தகோபால் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து அவளுக்குச் சின்ன வெங்காயம் உரித்துக் கொடுத்துக்கொண்டிருந்தான். இதழினி பக்கத்தில் உட்கார்ந்து பள்ளிக்கூடத்துக் கதை ஏதோ சொல்ல, அவன் கண்ணில் நீர் வழிய வழியச் சிரித்தான். வெளியிலிருந்து பார்க்கிறவர்கள் கண் வைத்துவிடுவார்கள், அவ்வளவு நிறைவான வீடு.

மணி அடித்தது.

நந்தகோபால் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தான். சட்டைப் பையிலிருந்து சாவியை எடுத்தான். மேகலாவின் கையைப் பிடித்து, உள்ளங்கையில் அதை வைத்து, விரல்களை மூடிவிட்டான். பிறகு மகளின் கையைப் பிடித்துக்கொண்டு ஓரமாக நின்றான்.

"நீங்களே பாருங்க" என்றான்.

"மேகலா, நான் டாக்டர் வந்திருக்கேன்" என்று வெளியே குரல் கேட்டது. "கொஞ்சம் தொறங்க."

மேகலா கதவருகே போனாள். திறந்தால் மூன்று பேர் உள்ளே வந்துவிடுவார்கள். அவனைப் பிடித்துக்கொள்வார்கள். தொப்பியை மாட்டி எல்லாவற்றையும் எடுத்துவிடுவார்கள். ஒரு திருகுதான். சாவியைத் துவாரத்தில் நுழைத்தாள். திரும்பிப் பார்த்தாள்.

இதழினி அவளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தொறக்காதே என்று சொல்லவில்லை. ஓடிவந்து முந்தானையைப் பிடிக்கவும் இல்லை. எத்தனையோ தடவை பிடித்து இழுத்துத் தோற்றுப்போன பிள்ளை, இந்தத் தடவையும் அம்மா திறக்கத்தான் போகிறாள் என்று முடிவு பண்ணிக்கொண்டு, வெறுமனே பார்த்துக்கொண்டு நின்றாள். அவள் முகத்தில் கோபம்கூட இல்லை. அதைத்தான் மேகலாவால் தாங்க முடியவில்லை.

சாவியை வெளியே உருவினாள்.

"தொறக்க மாட்டேனுங்க" என்றாள் சத்தமாக. "போயிருங்க."

"மேகலா! அவர் மிரட்டறாரா? ஆமான்னா கதவை ஒரே ஒரு தட்டுத் தட்டுங்க. போலீசோட வர்றேன்."

கை உயர்ந்தது. மரத்துக்கு ஒரு விரற்கடை முன்னால் அப்படியே நின்றது. வெளியே ஏதோ தாழ்ந்த குரலில் பேசிக்கொண்டார்கள். மறுபடி ஒருமுறை மணி அடித்தது. பிறகு படியில் காலடிகள் இறங்கிப் போயின.

"அம்மா!" என்று இதழினி பாய்ந்து வந்து அவள் இடுப்பைக் கட்டிக்கொண்டாள். "நெச அம்மா! அப்பா, பாத்தீங்களா, நெச அம்மா!" குழந்தை அழுதது, சிரித்தது, அம்மாவின் வயிற்றில் முகத்தைப் போட்டுத் தேய்த்தது. இவ்வளவு இறுக்கமாக அது அவளைக் கட்டிக்கொண்டு எத்தனையோ காலமாயிற்று. நந்தகோபால் அவள் முன்னால் வந்து நின்றான். அவன் உதடு துடித்தது.

"எங்க போயிருந்தே மேகலா?" என்றான். "உன்னைத் தேடாத எடமில்ல."

வெட்கக்கேடு என்று அவளுக்கே தெரிந்தது. இருந்தாலும் அந்த நிமிஷத்தில் மேகலாவுக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. மூவரும் ஒரே தட்டில் பிசைந்து சாப்பிட்டார்கள். அவன் அவளுக்கு ஊட்டிவிட்டான். பொழுது சாய்ந்ததும் நாற்காலியை மறுபடி கதவுக்கு நேராகப் போட்டுக்கொண்டான், அவ்வளவுதான். கட்டிலுக்கும் பீரோவுக்கும் நடுவில் அன்று யாரும் போய் உட்காரவில்லை.

திங்கட்கிழமை காலை. மேகலா குளித்து, சோறு கட்டி, கம்பெனி அடையாள அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு வந்தாள். நந்தகோபால் நாற்காலியை நகர்த்தி வழிவிட்டான். தானே பூட்டைத் திறந்து கதவையும் அகலத் திறந்து வைத்தான். வராந்தாவில் வெயில் அடித்தது. எதிர்வீட்டுப் பெண் கோலமாவு டப்பாவோடு போகிறவள், அவர்களைப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போனாள்.

"போயிட்டு வாரியா மேகலா?"

"ஆமாங்க. வேன் வர்ற நேரமாச்சு."

"தாராளமாப் போ" என்றான். பிறகு நெற்றியைச் சுருக்கிக்கொண்டு, கணக்குப் புரியாத பிள்ளை மாதிரி அவளைப் பார்த்துக் கேட்டான். "ஆனா எனக்கு ஒரு சந்தேகம். சாயங்காலம் உன்னையாட்டவே ஒருத்தி வந்து நின்னு, கதவைத் தொறங்கன்னு கூப்புடுவாளே. உன்ற சீலை, உன்ற குரல். அது நீதான்னு நாங்க எப்படி நம்பறது?"

மேகலா மகளைப் பார்த்தாள். இதழினி பல் துலக்கிய நுரையோடு அடுக்களை வாசலில் நின்றிருந்தாள். அப்பா சொன்னதை யோசித்துப் பார்த்தாள் போலிருக்கிறது. அதில் இருந்த நியாயம் அவளுக்குப் புரிந்தது.

"ஆமாம்மா" என்றாள். "நீ வெளியவே போகாதே."

கீழே கம்பெனி வேன் ஹாரன் அடித்தது. திறந்த கதவு நாலடி தூரத்தில் இருந்தது. நந்தகோபால் அவசரப்படுத்தவில்லை, சிரித்த முகமாகக் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றான். ஹாரன் மறுபடி அடித்தது. யாரோ அவள் பெயரைச் சொல்லிக் கீழேயிருந்து கூப்பிட்டார்கள்.

மேகலா கழுத்து அட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினாள். முன்னால் போய்க் கதவைத் தானே சாத்திவிட்டு, கட்டி வைத்த சோற்றைப் பிரிக்க அடுக்களைக்குப் போனாள்.